ரேவதி திரும்பிய ஊர்

அண்மையில் ஒரு மாலை, கண்டியில் இலக்கிய அன்பர் சிலர் கூடியிருந்தபோது ககுத்மி மன்னன் கதை பேச்சில் வந்தது. இளம் ஆசிரியர் ஒருவர், “ஐன்ஸ்டைன் 1905இல் கண்டதை நம்மவர் என்றோ கண்டுவிட்டனர்” என்று பெருமிதம் கொண்டார். மற்றோர் அன்பர், “வெறும் கட்டுக்கதை, பள்ளிப் பிள்ளைகளுக்கு இது எதற்கு?” என்று ஒதுக்கினார். இருவர் கூற்றும் எனக்கு உடன்பாடன்று. அன்று சொல்ல இயலாததை இங்கே சொல்கிறேன்.

கதை பாகவதத்தின் ஒன்பதாம் கந்தத்திலும் விஷ்ணு புராணத்தின் நான்காம் பகுதியிலும் உள்ளது. குசஸ்தலியை ஆண்ட ககுத்மி, தன் மகள் ரேவதிக்குத் தக்க மணாளன் யார் என்று கேட்க, அவளையும் அழைத்துக்கொண்டு பிரமலோகம் செல்கிறான். அங்கே கந்தருவர் பாடிக்கொண்டிருக்கின்றனர். பாட்டு முடியும்வரை காத்திருந்து, தன் மனத்திலுள்ள மன்னர்களின் பெயர்களைச் சொல்கிறான். பிரமன் நகைக்கிறான். “நீ இங்கே நின்ற பொழுதில் பூவுலகில் இருபத்தேழு சதுர்யுகங்கள் கழிந்தன. நீ சொன்னவர்கள் மட்டுமல்லர், அவர்தம் வழித்தோன்றல்களின் பெயர்களும் இன்றில்லை” என்கிறான்.

கணக்கறிந்தோர் இதை அளந்து பார்க்கலாம். ஒரு சதுர்யுகம் 43,20,000 ஆண்டுகள். அவ்வாறு ஆயிரம் சேர்ந்தால் பிரமனுக்கு ஒரு பகல். அப்பகலை நம்முடைய பன்னிரண்டு மணி நேரமாகக் கொண்டால், இருபத்தேழு சதுர்யுகங்கள் ஏறக்குறைய இருபது நிமிடங்களாகின்றன. நல்ல வித்துவான் ஒருவர் ஓர் இராகத்தை ஆலாபனை செய்யும் நேரம்! கற்பனைதான், ஆயினும் தான் விதித்த விதிக்குத் தானே கட்டுப்பட்ட கற்பனை. இதைப் பிதற்றல் என்று தள்ளுவது எங்ஙனம்?

அதற்காக இதை விஞ்ஞானம் என்பதும் பொருந்தாது. 1971இல் அணுக் கடிகாரங்களை விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றி வந்து, தரையிலிருந்த கடிகாரத்தோடு ஒப்பிட்டுப் பார்த்தார்கள். ஒரு விநாடியைப் பல இலட்சம் கூறுகளாக்கினால் கிடைக்கும் நுண்ணிய வேறுபாடு தெரிந்தது. அது ஐன்ஸ்டைனின் கணிப்போடு ஒத்தும் வந்தது. விஞ்ஞானத்தின் வழி அளவை. அளந்து பொய்யென்று கண்டால் கைவிடுவது. புராணம் அத்தேர்வுக்கு வரவில்லை. வராத தேர்வில் அதற்குப் பரிசளிப்பது புராணத்துக்கும் புகழாகாது, விஞ்ஞானத்துக்கும் நீதியாகாது.

அப்படியானால் இக்கதையின் உயிர் எங்கே இருக்கிறது? பிரமலோகத்தில் அன்று, திரும்பி வந்த ஊரில் இருக்கிறது. குசஸ்தலியில் ககுத்மியின் உடன்பிறந்தார் எவரும் இல்லை. பகைக்கு அஞ்சித் திசைதோறும் சிதறிவிட்டனர். குர்ஆன் கூறும் குகைவாசிகளும் முந்நூற்றுக்கு மேற்பட்ட ஆண்டுகள் உறங்கி எழுந்து, தம்மிடமிருந்த பழைய வெள்ளி நாணயத்தைக் கொடுத்து உணவு வாங்க ஒருவரை ஊருக்கு அனுப்புகின்றனர். காலத்தை வளைக்கும் கதைகளெல்லாம் இறுதியில் ஒரே கேள்வியைத்தான் கேட்கின்றன: நீ திரும்பி வரும்போது உன்னை அறிவார் யார்?

இக்கேள்வியைப் பிறர் நூலில் படித்தறிய வேண்டிய நிலையில் மலையகத்தார் இல்லை. 1964 ஒக்டோபர் 30இல் செய்யப்பட்ட சிறிமா - சாஸ்திரி ஒப்பந்தம், நாடற்றிருந்த 9,75,000 பேரில் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பகுத்தது. எஞ்சிய ஒன்றரை இலட்சம் பேரை 1974இல் சரிபாதியாகப் பிரித்தனர். மலைநாட்டிலிருந்து தலைமன்னாருக்கு அவர்களைச் சுமந்து சென்ற வண்டிக்கு மக்கள் ‘ஒப்பாரிக் கோச்சி’ என்றே பெயரிட்டனர். சென்றவர்களுக்கு அரசு அளித்த பெயரோ ‘தாயகம் திரும்பியோர்’. பாட்டன் விட்டுவந்த ஊரை ஒருநாளும் கண்டிராத பேரன் அங்கே எவ்வாறு ‘திரும்ப’ முடியும்?

என் சிற்றன்னையின் குடும்பம் கலஹாவை அடுத்த ஒரு தோட்டத்திலிருந்து 1972இல் புறப்பட்டது. பாட்டன் வாயால் கேட்ட ஊரைத் தேடிச் சென்றனர். அவர் சொன்ன கிணறு தூர்ந்து கிடந்தது. அவர் பெயரைக் கேட்டு எழுந்து வந்தவர் ஒருவருமில்லை. இங்கே ‘இந்தியாக்காரர்’ என்று ஏசப்பட்டவர்கள் அங்கே ‘சிலோன்காரர்’ ஆனார்கள். பின்னர் நீலகிரிக்குச் சென்று, மறுபடியும் தேயிலைக் கொழுந்தே பறித்தார்கள். பல்லாண்டு கழித்துச் சிற்றன்னை கண்டிக்கு வந்தபோது, தாம் பிறந்த லயத்தின் வாசலில் நின்று, உள்ளே இருந்தவர்களிடம் தாம் யாரென்று விளக்க வேண்டியதாயிற்று. ஒரே வாழ்வில் இருமுறை ரேவதியானவர் அவர்.

ரேவதியின் கதையில் நான் மறக்க இயலாத இடம் ஒன்றுண்டு. பழைய யுகத்தவளாகையால் அவள் புதிய யுகத்து மாந்தரினும் மிக உயர்ந்திருந்தாள். அவளை மணந்த பலராமன், தன் கலப்பையின் நுனியால் அவளைத் தாழ்த்தி, ஏனைய மகளிரின் அளவுக்குக் கொணர்ந்தான் என்கிறது விஷ்ணு புராணம். மங்கலமான முடிவு என்றே நாம் இதைக் கேட்டு வந்துள்ளோம். சிற்றன்னையோ ஒருமுறை என்னிடம், “கோச்சி என்று சொன்னால் அங்கே சிரிப்பார்கள் அப்பு, அந்தச் சொல்லை விட்டுவிட்டேன்” என்றார். கலப்பை நுனி எங்கே பட்டது என்பதை அன்றுதான் அறிந்தேன்.

ஆகவே ஆசிரிய நண்பர்களுக்கு என் வேண்டுகோள் இது. ககுத்மியின் கதையை வகுப்பில் தாராளமாகச் சொல்லுங்கள். ஐன்ஸ்டைனோடு போட்டிக்கு நிறுத்துவதற்காகச் சொல்ல வேண்டா. இருபத்தேழு சதுர்யுகங்களின் கணக்கை மாணவரையே போடச் சொல்லுங்கள். போட்டு முடித்ததும், “உங்கள் வீட்டிலிருந்து சென்றவர் யார்? திரும்பி வந்தபோது அவரை அறிந்தவர் யார்?” என்று கேளுங்கள். மலையகத்துப் பிள்ளைகள் அக்கேள்விக்கு எழுதும் விடைகளில் நம் அடுத்த கதைகள் இருக்கின்றன.