ஒரே வீடு, இரண்டு விலை

என் பாட்டன் கைநாட்டு. எங்கப்பனும் கைநாட்டு. நான் எம்.ஏ., பி.எட். மூணு தலைமுறையில் பேனா பிடிச்சுக் கையெழுத்துப் போட்டவன் நான் ஒருத்தன்தான். அந்தக் கையெழுத்தை 2013இல் ஒரு வீட்டுக்கடன் நிறுவனத்தின் மேசையில் உட்கார்ந்து நாற்பதுக்கும் மேற்பட்ட இடங்களில் போட்டேன். ஒரு பக்கத்தையும் படிக்கவில்லை. 'இங்க சார், அடுத்து இங்க சார்' என்று அந்தப் பையன் பென்சிலால் குறி வைத்த இடத்திலெல்லாம் போட்டேன். ஆண்டை நீட்டிய பத்திரத்தில் பாட்டன் விரலை உருட்டியதற்கும் இதற்கும் என்ன வித்தியாசம்? மை மட்டும்தான்.

வெட்கத்தோடுதான் இதை எழுதுகிறேன். ஆனாலும் எழுதியாக வேண்டும். நம்மில் படித்து வேலைக்குப் போன முதல் தலைமுறையில் பாதிப்பேர் இன்றைக்கு இதே மேசையில்தான் உட்கார்ந்திருக்கிறார்கள்.

'சொந்த வீடு என்பது நடுத்தர வர்க்க மயக்கம், தோழர்' என்று எனக்குப் பாடம் எடுத்தவர்கள் உண்டு. பாடம் எடுத்தவர்களுக்கெல்லாம் ஊருக்குள் தாத்தா கட்டிய வீடு இருக்கிறது. எனக்கு மயக்கம் ஒன்றும் இல்லை. வேலை கிடைத்து டவுனுக்கு வந்த வருசம் வாடகைக்கு வீடு தேடி அலைந்தேன். 'எந்த ஊரு? ஊர்ல எந்தத் தெரு?' என்பான். தெருவைச் சொன்னதும், 'தம்பி பையன் வரப்போறான், வீடு இல்லீங்க' என்பான். மறுநாளும் அந்த வாசலில் 'வீடு வாடகைக்கு' அட்டை தொங்கும். கொலம்பியாவில் படித்துவிட்டு வந்த அம்பேத்கரை 1917இல் பரோடாவில் பார்சி விடுதியிலிருந்து தடியோடு வந்து துரத்தினார்கள். நூறு வருசம் ஆகியும் தடிக்குப் பதிலாக அட்டை வந்திருக்கிறது, அவ்வளவுதான். ஆக, வாடகை வீடா சொந்த வீடா என்று லாப நட்டம் பார்க்கிற வாய்ப்பே நமக்குக் கிடையாது. துரத்தப்பட்டுத்தான் கடன்காரன் ஆனோம். கடன் கொடுக்கிறவனுக்கும் அது தெரியும்.

இனி கணக்குக்கு வருகிறேன். கணக்கு என்றதும் பக்கத்தைத் திருப்பிவிடாதீர்கள். நம்மளை ஏமாற்றுகிறவன் எல்லாம் நாம் கணக்கைத் திருப்பிப் பார்க்க மாட்டோம் என்கிற தைரியத்தில்தான் ஏமாற்றுகிறான்.

வீட்டு விலை 20 லட்சம். பி.எஃப். முன்பணம், சீட்டுப் பணம், வீட்டுக்காரம்மா நகை எல்லாம் சேர்த்து 5 லட்சம். மீதி 15 லட்சம் கடன். முதலில் வங்கிக்குத்தான் போனேன். மனை இருக்கும் இடத்தைச் சொன்னதும் மேலாளர் பேனாவை மூடி வைத்தார். காலனிக்கு அடுத்த மனை, 'மூலப் பத்திரம் சரியா இல்ல' என்றார். அதே பத்திரத்துக்குத்தான் தனியார் நிறுவனம் 10.5 சதவீதத்தில் கடன் கொடுத்தது. 20 வருசம், 240 தவணை, மாசம் 14,976 ரூபாய்.

'மாசம் 14,976 முடியுமா சார்?' இந்த ஒரு கேள்விதான் கேட்டார்கள். சம்பளத்தை நினைத்துப் பார்த்து 'முடியும்' என்றேன். 14,976ஐ 240ஆல் பெருக்கிப் பார்க்க எனக்குத் தோன்றவில்லை. ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்குப் பெருக்கல் சொல்லிக் கொடுக்கிற வாத்தியாருக்குத் தோன்றவில்லை! பெருக்கினால் 35,94,240. வாங்கியது 15 லட்சம், கட்டுவது 36 லட்சம்.

வட்டி அவ்வளவு கேட்கும்தானே என்று நினைக்கலாம். கேட்கிற விதத்தைப் பாருங்கள். முதல் மாசம் நான் கட்டிய 14,976இல் 13,125 வட்டிக்குப் போனது. அசலில் கழிந்தது 1,851. முதல் வருசம் முழுக்கக் கட்டியது 1,79,712. அசலில் கழிந்தது சுமார் 23,300. தவணை மாறாமல் ஒரே அளவாக இருப்பதால் பாதிப் பணம் அசலுக்குப் போகிறது என்று நம் மனசு நம்பிவிடுகிறது. வட்டியை மீதி நிற்கிற அசலுக்குத்தான் போடுகிறார்கள். ஆரம்ப வருசங்களில் முழு அசலும் நிற்கிறது. எனவே ஆரம்ப வருசங்களில் நாம் கட்டுவது ஏறக்குறைய முழுசும் வட்டி. இதில் மோசடி ஒன்றும் இல்லை, சட்டப்படியான கணக்கு. சொல்லாமல் விட்டதுதான் குற்றம்.

2019இல் அம்மாவுக்கு ஆபரேஷன். கடனை முடித்து வீட்டை மறுபடி வைத்துப் பணம் புரட்டலாமா என்று நிலுவை கேட்டேன். ஆறு வருசத்தில் 72 தவணை, ஒரு மாசம் தப்பாமல் 10,78,272 ரூபாய் கட்டியிருந்தேன். சுமார் 4 லட்சம் பாக்கி இருக்கும் என்று நினைத்துக்கொண்டு போனேன். சீட்டைக் கொடுத்தார்கள். பாக்கி 13,15,000 சொச்சம்! ஆறு வருசத்தில் 1,85,000கூட முழுசாகக் கழியவில்லை. படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டேன்.

அங்கே உட்கார்ந்தபோது பாட்டன் ஞாபகம் வந்தது. கல்யாணச் செலவுக்கு வாங்கிய 200 ரூபாய்க்காகப் படியாளாக இருந்தவர். 'இன்னும் கழியலடா' என்பதுதான் ஆண்டை வருசா வருசம் சொன்ன ஒரே கணக்கு. கொத்தடிமை முறையை 1976இல் சட்டம் போட்டு ஒழித்தார்கள். கந்துவட்டிக்கு 2003இல் தமிழ்நாட்டில் தனிச்சட்டமே வந்தது. இரண்டும் வேண்டிய சட்டங்கள். வீட்டுக்கடனும் கொத்தடிமையும் ஒன்று என்று நான் சொல்லவில்லை. பாட்டனை அடித்தார்கள், என்னை யாரும் அடிக்கவில்லை. கந்துவட்டிக்காரன் வாசலில் வந்து கத்துவான், இவர்கள் 'சார்' என்கிறார்கள். ஆனால் கணக்கைக் கடன்காரன் கண்ணில் காட்டாமல் வைத்திருப்பது மட்டும் அப்படியே இருக்கிறது. பாட்டனுக்கு எழுத்துத் தெரியாது. எனக்குத் தெரிந்தும் கேட்கக் கூச்சம். ஏசி அறையில், டை கட்டியவன் முன்னால், 'விவரம் தெரியாதவன்' என்று நினைத்துவிடுவானோ என்கிற கூச்சம். இந்தக் கூச்சம் தனிமனுசக் குணம் இல்லை தோழர்களே, ஆயிரம் வருசமாக நமக்குள் அடித்து இறக்கப்பட்டது. இதற்குப் பணமதிப்பு உண்டு என்பதைத்தான் அன்றைக்குத் தெரிந்துகொண்டேன்.

இப்போது நான் சொல்ல வந்த விஷயம்.

என்னோடு வேலை பார்க்கும் நண்பர் ஒருவர். ஒரே சம்பளம், ஒரே வருசம் வீடு வாங்கினோம். அவருடையதும் 20 லட்சம்தான். அவர் ஊருக்குள்ளே, நான் ஊருக்கு வெளியே, அது வேறு கதை. பூர்வீக நிலத்தில் ஒரு துண்டை விற்று அவருடைய அப்பா 15 லட்சம் கொடுத்தார். 5 லட்சம்தான் கடன், வங்கியில் 10 சதவீதம், 10 வருசம். மொத்தம் அவர் கட்டியது சுமார் 7,93,000. ஆக, அவருக்கு வீட்டின் விலை சுமார் 23 லட்சம். எனக்கு? கையிலிருந்து போட்ட 5 லட்சமும் தவணை 36 லட்சமும் சேர்த்து 41 லட்சம்.

ஒரே விலை போட்ட வீடு. அவருக்கு 23, எனக்கு 41. இந்த 18 லட்சம் எதற்கான விலை? செங்கல்லுக்கா, சிமெண்டுக்கா? பாட்டன் நிலம் வைத்துவிட்டுப் போகாததற்கான விலை. கடன் நிறுவனத்தின் விண்ணப்பத்தில் சாதிக்குக் கட்டம் கிடையாது. தேவையும் இல்லை. 'கையிருப்பு எவ்வளவு?' என்ற கட்டம் இருக்கிறதே, அது போதும். கையிருப்பு குறைந்தவனுக்குக் கடன் அதிகம். கடன் அதிகமானவனுக்குக் காலம் அதிகம். பத்திரம் சரியில்லாத மனைக்காரனுக்கு வட்டியும் அதிகம். மூன்றும் ஒன்றை ஒன்று பெருக்கும்.

பாட்டன் ஏன் நிலம் வைக்கவில்லை? சோம்பேறியா? செங்கல்பட்டு ஆட்சியர் திரமென்ஹீர் எழுதிய அறிக்கையை ஒட்டி 1892இல் ஒடுக்கப்பட்டோருக்கென்று பஞ்சமி நிலம் ஒதுக்கினார்கள். சுமார் 12 லட்சம் ஏக்கர் என்று சொல்லப்படுகிறது. மற்ற சாதியாருக்கு விற்கக் கூடாது என்று நிபந்தனையும் போட்டார்கள். அந்த நிலம் இன்றைக்கு யார் கையில்? திருப்பிக் கேட்டதற்கு 1994இல் காரணையில் துப்பாக்கிக் குண்டுதான் பதிலாக வந்தது, இரண்டு பேர் செத்தார்கள். நம் முன்பணம் அப்படித்தான் பறிபோனது. அந்த முன்பணத்துக்குத்தான் இன்றைக்கு நாம் 10.5 சதவீதம் வட்டி கட்டுகிறோம்.

நண்பர் இதைப் படித்தால் கோபிப்பார். 'நானும் நிலத்தை இழந்துதானே வாங்கினேன்' என்பார். உண்மைதான், இழந்தார். இழப்பதற்கு இருந்தது, இழந்தார். 'உன் வீடு இன்னைக்கு 40 லட்சம் போகும், நட்டம் எங்கே?' என்பார்கள் வேறு சிலர். என் வீட்டின் மதிப்பு ஏறியது போல அவர் வீடும் ஏறித்தானே இருக்கிறது? இடைவெளி இடைவெளியாகவே நிற்கிறது. அதோடு, விற்றால்தானே அந்தக் காசு? விற்றுவிட்டு எங்கே போவேன், அந்த அட்டை தொங்குகிற வாசலுக்கா? 'வரிச்சலுகை இருக்கே' என்பார்கள். வட்டியில் ஒரு பங்குதான் வரியில் மிச்சமாகும். புதிய வரிமுறைக்கு மாறியவர்களுக்கு, குடியிருக்கும் வீட்டு வட்டிக்கு அந்தக் கழிவும் கிடையாது.

புலம்புவதற்காக நான் பேனா எடுக்கவில்லை. தெரிந்துகொண்டதைச் சொல்கிறேன்.

ஒன்று, காலம். 20 வருசத்துக்குப் பதில் 15 வருசம் கேட்டிருந்தால் தவணை 16,581. மாசம் 1,605 கூட. மொத்தத்தில் 6,09,660 குறைச்சல். மாசம் 1,605 குறைத்துக் கொடுத்ததாக அந்தப் பையன் சிரித்தான். நானும் சேர்ந்து சிரித்தேன்.

இரண்டு, கூடுதலாகக் கட்டுவது. முதல் மாசத்திலிருந்தே 1,000 ரூபாய் சேர்த்துக் கட்டியிருந்தால், அதை அசலில் கழிக்கச் சொல்லியிருந்தால், 240 தவணை 198ஆகியிருக்கும். நாலு லட்சத்துக்கு மேல் மிச்சம். மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் போடக் கூடாது என்று வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி 2012இலேயே சொல்லிவிட்டது. அது எனக்கு 2019இல்தான் தெரியும். ஆரம்ப வருசங்களில் கட்டுகிற ஆயிரத்துக்கு உள்ள பலம் கடைசி வருசத்தில் கட்டுகிற ஆயிரத்துக்கு இல்லை.

மூன்று, காப்பீடு. என் 15 லட்சத்துக்குள்ளேயே 42,000 ரூபாயைக் காப்பீட்டுக்கென்று பிடித்துக்கொண்டார்கள். அதுவும் கடன்தான், அதற்கும் 20 வருச வட்டி. 42,000 என்பது 1,00,000ஐத் தாண்டும். குறைந்த இடத்தைக் கைமாற்று வாங்கி அடைத்தேன். அந்தக் கணக்கை 41இல் நான் சேர்க்கவில்லை.

நான்கு, வட்டி மாறுவது. புதுசாக வருகிறவனைக் குறைந்த வட்டி காட்டி இழுப்பார்கள், பழைய ஆள் கேட்காமல் கிடந்தால் அப்படியே விட்டுவிடுவார்கள். வட்டிக் குறைப்பு கடன்காரர்களிடம் சரியாகப் போய்ச் சேரவில்லை என்று 2017இல் ரிசர்வ் வங்கியின் ஆய்வுக் குழுவே எழுதியது. ஏறும்போது மட்டும் தாமதமே இல்லை. 2022 மேயிலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ வட்டி 4இலிருந்து 6.5க்குப் போனது. 6.75 சதவீதத்தில் 20 லட்சம், 20 வருசத்துக்கு வாங்கியவனுக்குத் தவணை 15,207. வட்டி 9.25 ஆனால் அந்த 20 லட்சத்துக்கு ஒரு மாச வட்டி மட்டும் 15,417. தவணை வட்டிக்கே போதாது! தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா என்று கடன்காரனைக் கேட்க வேண்டும் என 2023 ஆகஸ்டில்தான் ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது. அதுவரை பலருக்குச் சத்தமில்லாமல் காலம் நீண்டது. அறுபது வயதுக்கு மேலேயும் தவணை.

நான் 2019இல் கூச்சத்தை விட்டு ஒரு வங்கியில் போய் உட்கார்ந்தேன். ஆறு வருசம் தவறாமல் கட்டிய கணக்கைக் காட்டினேன். கடனை அங்கே மாற்றினேன், 8.5 சதவீதம். தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்றேன். பாக்கி 168 தவணை 138ஆனது. வட்டி மாறாமல் இருந்தால் 30 தவணை, அதாவது 4,49,000 சொச்சம் மிச்சம் என்று கணக்கு. மாற்றுகிற செலவு போனாலும் பெருந்தொகைதான். நான் செய்தது என்ன? கேட்டேன். அவ்வளவுதான். அப்படியானால் அதற்கு முன்னால் கேட்காமல் இருந்ததன் விலை என்ன?

2024 அக்டோபரிலிருந்து புதிதாக வாங்குகிற வீட்டுக்கடனுக்கு மொத்தச் செலவையும் தவணை விவரத்தையும் எளிமையாக எழுதிய அறிக்கையைக் கையெழுத்துக்கு முன்பே தர வேண்டும். கடன் முடிந்து 30 நாளில் மூலப் பத்திரத்தைத் திருப்பித் தர வேண்டும், அவர்கள் பக்கத் தாமதம் என்றால் நாளுக்கு 5,000 ரூபாய் நமக்குத் தர வேண்டும். விதி இருக்கிறது. கேட்கிறவனுக்குத்தான் விதி.

தனித்தனியாகக் கேட்டால் மட்டும் தீராது. 18 லட்சத்தில் நாலைந்து லட்சத்தை நம் சாமர்த்தியத்தால் குறைக்கலாம். மீதி, பறிக்கப்பட்ட நிலத்தின் பாக்கி. அதைப் போராடித்தான் வாங்க வேண்டும். பஞ்சமி நிலத்தைத் திருப்பிக் கொடு. மீட்கிறவரை, முதல் தலைமுறையாக வீடு வாங்குகிற தலித்துக்கு வட்டியில்லா முன்பணம் கொடு. காலனி மனைக்கு முழு உரிமையோடு பட்டா கொடு, வங்கிக்காரன் பேனாவை மூடாதபடிக்குக் கொடு. இதைச் சலுகையாகக் கேட்கவில்லை. வரவேண்டிய கணக்கைக் கேட்கிறோம்.

இயக்கத் தோழர்களுக்கும் ஒரு வார்த்தை. ஒவ்வொரு காலனியிலும் அம்பேத்கர் சிலை வைத்திருக்கிறோம், கையில் புத்தகத்தோடு. அவர் 1923இல் ரூபாயைப் பற்றியே ஒரு புத்தகம் எழுதிய பொருளாதார அறிஞர். நாமோ நம் வீட்டுப் பத்திரத்தைப் படிக்காமல் அவர் பிறந்த நாளுக்குப் பட்டாசு வெடிக்கிறோம்.

அடுத்த மாசக் கூட்டத்துக்கு வரும்போது அவரவர் கடன் பத்திரத்தை எடுத்துக்கிட்டு வாங்க. வீட்டுக்கடன், நகைக்கடன், குழுக்கடன் எதுவா இருந்தாலும் சரி. யாரும் வெட்கப்பட வேண்டாம், என்னுடையதைத்தான் முதலில் வாசிக்கப் போறேன். கரும்பலகையும் கால்குலேட்டரும் நான் கொண்டு வர்றேன்.