வீட்டு முற்றம்: குஞ்சுகளுக்குச் சூடு கொடுக்கும்போது

மாரி தொடங்கும் காலத்தில் கோழிக்குஞ்சு வாங்கும் சகோதரிகள் முதலில் யோசிக்க வேண்டியது தீனியை அல்ல, சூட்டை. பொரித்து இரண்டு மூன்று கிழமை வரை குஞ்சு தன் உடம்புச் சூட்டைத் தானே காத்துக்கொள்ளாது. பத்துப் பன்னிரண்டு குஞ்சு போதுமென்றால் நாட்டுப் பேட்டை அடைவைப்பதே மேல். அதற்கு மின்சாரச் செலவுமில்லை, நெருப்புப் பயமுமில்லை. கடனெடுத்து 25 குஞ்சு வாங்கினால் நாம்தான் பேட்டின் வேலையைப் பார்க்க வேண்டும்.

3, 4 அடி அகலத்தில் காட்போட்டையோ தகரத்தையோ வட்டமாக நிறுத்தி உள்ளே உமி பரப்புங்கள். மூலை இருந்தால் குஞ்சுகள் அதில் நெருக்கி ஒன்றையொன்று மிதித்துச் சாகும். முதற்கிழமை 32 முதல் 35 பாகை செல்சியஸ் வெப்பம் தேவை. பின்னர் கிழமைக்கு 3 பாகை வீதம் குறைக்கலாம். வெப்பமானி இல்லையா? குஞ்சுகளே சொல்லும். குமிழின் கீழ் குவிந்து கத்தினால் குளிர். விலகி ஓரத்தில் நின்று வாயைத் திறந்து மூச்சுவிட்டால் சூடு கூடிவிட்டது. ஒரே பக்கமாக ஒதுங்கினால் மற்றப் பக்கத்தால் காற்று அடிக்கிறது.

60 வாட் பழைய இழைக் குமிழே வேண்டும். எல்.ஈ.டி. குமிழ் வெளிச்சம் தரும், சூடு தராது. குமிழை உமியிலிருந்து ஒன்றரை அடி உயரத்தில் கட்டுங்கள். மின்வயரில் தொங்கவிடாதீர்கள், கம்பியால் இரண்டு இடத்தில் கட்டினால் ஒன்று அறுந்தாலும் மற்றது தாங்கும். உமியில் விழுந்த சூடான குமிழ் புகைந்து பற்றும். கிடுகுக் கொட்டிலில் பிறகு என்ன மிஞ்சும்? குமிழைச் சுற்றிக் கம்பிவலை போடுங்கள். ஒட்டுப்போட்ட வயரை ஈரநிலத்தில் இழுக்க வேண்டாம்.

மின்சாரம் நின்றால் என்ன செய்வது? 2022 மார்ச் கடைசியில் ஒரு நாளில் 13 மணிநேரம்வரை மின்வெட்டு இருந்ததை மறந்திருக்க மாட்டீர்கள். கை பொறுக்கும் சூட்டில் நீர் நிரப்பிய போத்தல்களைச் சாக்குத்துணியில் சுற்றி உமியில் வையுங்கள். வட்டத்தின் மேல் பாதியைச் சாக்கால் மூடலாம். குமிழ் எரியும்போது மூடவே கூடாது. நீர் ஆறியதும் மாற்ற வேண்டும். இராத்தூக்கம் கெடும்தான்.

சிலர் சிரட்டைக்கரிச் சட்டி வைப்பார்கள். பிள்ளைகள் படுக்கும் அறையிலோ பூட்டிய கொட்டிலிலோ அது வேண்டவே வேண்டாம். கரியிலிருந்து வரும் காபனோரொட்சைட்டு வாயுவுக்கு மணமில்லை. தூக்கத்திலேயே ஆளைக் கொல்லும். குப்பி விளக்கும் அப்படித்தான் ஆபத்து, தட்டுப்பட்டால் சரிந்து எண்ணெய் கொட்டும். இத்தகைய எரிகாயங்களைக் கண்ட சத்திரசிகிச்சை நிபுணர் விஜய கொடகும்புர, குட்டையான, கனமான, திருகுமூடி போட்ட ‘சுதீப’ விளக்கை உருவாக்கினார். அதற்காக 1998இல் ரோலக்ஸ் விருதும் பெற்றார். ஆனால் அதுவும் வெளிச்சத்துக்குத்தான். எரியும் விளக்கு எதையும் குஞ்சு வட்டத்துக்குள் வைக்காதீர்கள்.

இறகு முளைத்து மூன்று நான்கு கிழமையானதும் முதலில் பகலில் குமிழை அணையுங்கள். மழையில்லாத இரவுகளிலும் குஞ்சுகள் குவியாமல் படுத்தால் அதைக் கழற்றி வைத்துவிடலாம்.