முன்வரிசைக்காரன்

நம்முடைய சரித்திரத் தொடர்கதைகளில் நடக்கிற யுத்தங்களைப் பற்றி எனக்கு நெடுநாளாக ஒரு மனத்தாங்கல் உண்டு. அந்த யுத்தங்களில் யாருக்கும் தாகம் எடுப்பதில்லை. யாருக்கும் கை ஓய்ந்துபோவதில்லை. கதாநாயகன் வெண்புரவி மீது ஏறி எதிரிப் படைக்குள் புகுகிறான். அவன் வாள் மின்னலைப் பழிக்கிறது. எதிரிகள் வாழைத்தண்டுகளாகச் சாய்கிறார்கள். அத்தியாயம் முடிவதற்குள் எதிரி அரசனே வலிய வந்து இவனோடு துவந்த யுத்தம் செய்து, வாளைப் பறிகொடுத்துத் தலைகுனிந்து நிற்கிறான். சுற்றியிருந்த ஐம்பதினாயிரம் பேர் அந்த நேரத்தில் என்ன செய்துகொண்டிருந்தார்கள் என்று மட்டும் கேட்கக் கூடாது.

நான் கேட்டேன். இப்படி எழுதிப் பேரெடுத்த நண்பர் ஒருவரிடமே கேட்டேன். "யுத்தம் செய்வது எத்தனை பேரானாலும் வாசகனுக்கு வேண்டியது ஒருவன்தான் ஸார்" என்று சொல்லி, அந்த வாக்கியத்திலேயே சகலமும் தீர்ந்துவிட்டதுபோல் வெற்றிலைச் செல்லத்தைப் பக்கத்தில் இழுத்துக்கொண்டார்.

இவருக்கு நேர் எதிரில் இன்னொரு கூட்டம் இருக்கிறது. அவர்கள் கதை எழுதுவதில்லை, படம் போடுகிறார்கள். ஒரு பக்கம் கறுப்புக் கட்டங்கள், மறுபக்கம் வெள்ளைக் கட்டங்கள், நடுவே வளைந்து செல்லும் அம்புக்குறிகள். 'இதோ பாருங்கள், இடது அணி சுழன்று வந்து பின்புறம் தாக்குகிறது, என்ன மேதாவிலாசம்!' என்பார்கள். வாள்காரர் ஒருவனைத் தவிர எல்லோரையும் மறந்தார் என்றால், அம்புக்குறிக்காரர் அந்த ஒருவனையும் சேர்த்து மறந்துவிட்டார். தளபதியின் மூளை ஒன்றுதான் அவருக்கு ஞாபகம். இரண்டு பேரும் செய்வது ஒரே காரியம்தான் என்பது என் கட்சி. வரிசையில் நின்றவனை இருவருமே அழித்துவிடுகிறார்கள். எதிரி அழித்தது ஒரு முறை. இவர்கள் அழிப்பது இரண்டாம் முறை.

வரிசையில் நிற்பது என்றால் என்ன? பழைய கிரேக்கர்களின் காலாட்படையை எடுத்துக்கொள்ளுங்கள். ஒவ்வொருவன் இடது கையிலும் ஏறக்குறைய மூன்று அடி அகலமுள்ள வட்டக் கேடயம். அதன் வலப்பாதி அவனை மறைக்கும். இடப்பாதி அவனுக்கு இடப்பக்கம் நிற்கிறவனை மறைக்கும். ஆகவே என் வலது விலாவின் உயிர் எனக்கு வலப்பக்கம் நிற்கிறவன் கையில் இருக்கிறது. அவன் ஓடினால் நான் திறந்து கிடப்பேன். இதனால் என்ன நடந்தது என்பதை துசிடிடீஸ் என்ற சரித்திரக்காரர், கி.மு. 418இல் மாண்டினியாவில் நடந்த போரைச் சொல்லும்போது எழுதிவைத்திருக்கிறார். ஒவ்வொருவனும் பக்கத்துக்காரனின் கேடயத்துக்குள் இன்னும் கொஞ்சம் ஒண்டிக்கொள்ள வலப்பக்கமாக நகர்வானாம். இப்படி நகர்ந்து நகர்ந்து, நடந்து முன்னேறும்போதே படை முழுவதும் வலப்பக்கம் சாய்ந்துவிடுமாம். எந்தத் தளபதியும் இட்ட கட்டளை அல்ல இது. பல்லாயிரம் பேரின் பயம் ஒரே திசையில் ஒரு சேனையை இழுத்துச் சென்றிருக்கிறது. இதைவிட மனுஷத்தனமான ஒரு சங்கதியை எந்த நாவலில் படித்திருக்கிறோம்? ஆனால் நம்மவர்களுக்கு வெண்புரவி வேண்டும்.

அம்புக்குறிக்காரர்களுக்கு வேதம் எது என்றால் கன்னே. கி.மு. 216, ஆகஸ்ட் மாதம், தெற்கு இத்தாலியில் அவுஃபிடஸ் நதிக்கரை. ரோமானியர் பக்கம் 80,000 காலாட்கள், 6,000 குதிரைகள். ஹானிபல் பக்கம் 40,000 காலாட்கள், 10,000 குதிரைகள். சிறுபடை பெரும்படையைச் சூழ்ந்துகொண்டு கொன்றது. செத்த ரோமானியர் 70,000 என்கிறார் பாலிபியஸ். லிவியின் கணக்கு 48,000 சொச்சம். குறைந்த கணக்கையே எடுத்துக்கொண்டாலும், ஒரு பகல்பொழுதில் வாளாலும் ஈட்டியாலும் செய்து முடித்த வேலை அது. நாற்பத்தெண்ணாயிரம் முறை ஒரு கை ஓங்கி இறங்கியிருக்கிறது.

எப்படிச் செய்தான் ஹானிபல்? நடுவில் கெல்ட் ஜாதியாரையும் ஸ்பானியரையும் நிறுத்தி, அந்த வரிசையைப் பிறைச்சந்திரன்போல எதிரியை நோக்கிப் பிதுங்கச் செய்தான். இரண்டு ஓரங்களிலும் ஆப்பிரிக்கக் காலாட்களை நிறுத்தினான். இந்த ஆப்பிரிக்கர்கள் முந்திய போர்களில் ரோமானியரிடம் பறித்த கவசங்களைப் பூண்டிருந்தார்கள். நடுவில் நின்ற கெல்ட்டுகளோ இடுப்புக்கு மேல் வெற்றுடம்பு. கையில் ஓங்கி வெட்ட மட்டுமே உதவும் நீண்ட வாள். ரோமானியச் சேனையின் முழுப் பளுவும் இவர்கள் மேல் வந்து இறங்கியது. பிறை நேராயிற்று, பிறகு உள்வாங்கிற்று. ரோமானியர் வெற்றி என்று நினைத்து உள்ளே உள்ளே புகுந்தார்கள். அப்போது இரு ஓரத்து ஆப்பிரிக்கர்களும் உட்புறமாகத் திரும்பினார்கள். ஹாஸ்த்ருபலின் குதிரைப்படை, ரோமானியக் குதிரைகளைத் துரத்தி முடித்துவிட்டு, சுற்றி வந்து முதுகில் விழுந்தது. அவ்வளவுதான்.

அம்புக்குறிக்காரர் இந்த இடத்தில் கைதட்டுவார். நான் அவரை இன்னொரு கணக்குப் பார்க்கச் சொல்கிறேன். அதே பாலிபியஸ் ஹானிபல் பக்கத்துச் சாவையும் எழுதியிருக்கிறார்: கெல்ட்டுகள் 4,000, ஸ்பானியரும் ஆப்பிரிக்கரும் சேர்ந்து 1,500, குதிரைக்காரர்கள் 200. ஆக, 5,700 பேரில் 4,000 பேர் அந்த வெற்றுடம்புக்காரர்கள். பிறை உள்வாங்கிற்று என்று ஒரு வார்த்தையில் சொல்கிறோமே, அந்த உள்வாங்கல் இந்த நாலாயிரம் பேர்தான். யார் முதலில் சாவது என்பதை விடியற்காலையிலேயே தீர்மானித்து எழுதிய ஜாபிதாவுக்கு அணிவகுப்பு என்று பெயர்.

அந்த ஜாபிதா தற்செயலாக எழுதப்பட்டதுமல்ல. முந்தின வருஷம், கி.மு. 217இல், ஆர்னோ நதிச் சதுப்பைக் கடந்தபோது, ஹானிபல் ஆப்பிரிக்கரையும் ஸ்பானியரையும் முதலில் அனுப்பினான். அவர்கள் மிதித்து உழக்கிய சேற்றில் கெல்ட்டுகளை நடக்கவிட்டான். அவர்களுக்குப் பின்னால் குதிரைப்படையை நிறுத்தினான். எதற்கு? கெல்ட்டுகள் திரும்பி ஓடாமலிருக்க. ஊரிலிருந்து கூட வந்தவர்கள் ஒரு தரம், வழியில் சேர்ந்துகொண்டவர்கள் இன்னொரு தரம். நியாயத்துக்கு இதையும் சொல்லிவிடுகிறேன்: கன்னேயில் அந்தப் பிறையின் நடுவே ஹானிபலும் அவன் தம்பி மாகோவும் நேரில் நின்றார்கள். அந்த மனிதன் கோழையல்ல. ஆனால் தளபதியின் தைரியத்தைச் சொல்லிவிட்டால் நாலாயிரம் பேரின் கணக்கு தீர்ந்துவிடுமா?

'யாரையாவது முன்னால் நிறுத்தித்தானே ஆகவேண்டும்?' என்று கேட்பார்கள். ஆகவேண்டும்தான். தமிழில் முன்னணிப் படைக்குத் தூசிப்படை என்றே பேர் இருக்கிறது. அந்தச் சொல்லுக்கும் காலில் மிதிபடும் தூசிக்கும் சம்பந்தம் உண்டா இல்லையா என்பதை அகராதிக்காரர்கள் பார்த்துக்கொள்ளட்டும். யாரை நிறுத்தினார்கள், ஏன் அவர்களை நிறுத்தினார்கள் என்று புஸ்தகம் எழுதுகிறவன் சொல்ல வேண்டும் என்பதுதான் என் வாதம். சொல்லாமல் போனால் விளைவு கெட்ட விளைவாகத்தான் இருக்கும். 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஷ்லீஃபன் என்ற ஜெர்மானியத் தளபதி கன்னேயைப் பற்றிக் கட்டுரை கட்டுரையாக எழுதினார். எதிரியைச் சூழ்ந்து அழிப்பதே யுத்தத்தின் உச்சம் என்று ஒரு தலைமுறை அதிகாரிகள் காகிதத்தில் படித்தார்கள். 1914இல் பெல்ஜியத்தின் வழியாகப் பாரிஸை வளைக்கப் புறப்பட்ட அவர்களுடைய சேனை மார்ன் நதியருகே தடுக்கப்பட்டு, நாலு வருஷம் குழிகளில் கிடந்தது. அம்புக்குறி காகிதத்தில் சேறு இல்லாமல் வளைகிறது.

நம்மவர்களில் ஒரு சாரார், இதையெல்லாம் கேட்டுவிட்டு, 'கன்னே என்ன கன்னே? நம்மிடம் சக்கர வியூகமே இருந்ததே' என்று மார்தட்டுவார்கள். இருந்தது, யார் இல்லை என்றார்கள்? அர்த்தசாஸ்திரத்தின் பத்தாவது அதிகரணத்தில் தண்டம், போகம், மண்டலம், அஸம்ஹதம் என்று வியூகங்களை நாலு வகையாகப் பிரித்துக் கணக்காகச் சொல்லியிருக்கிறது. ஆனால் மகாபாரதக் கவி சக்கர வியூகத்தைப் பற்றி நமக்குச் சொன்னது என்ன? அதன் ஆரங்கள் எத்தனை என்றா? உள்ளே போகத் தெரிந்து வெளியே வரத் தெரியாத ஒரு சிறுவனைப் பற்றிச் சொன்னார். 'எனக்கு நுழையத்தான் தெரியும்' என்று அபிமன்யு சொன்ன பிறகும் அவனை அனுப்பியவர் தர்மபுத்திரர் என்பதையும் மறைக்காமல் சொன்னார். பின்தொடர்ந்தவர்களை ஜயத்ரதன் வாசலிலேயே மறித்தான், கதவு சாத்திக்கொண்டது. அந்தக் கவிக்கு வியூகம் என்றால் கதவுக்கு உள்ளே அகப்பட்டவன்தான். நாம் அதை எடுத்துக் கோலமாக்கிவிட்டு, பெருமை பேசிக்கொண்டிருக்கிறோம்.

தளபதியின் மூளை ஒன்றே போரை ஜயிக்கிறது என்பவர்களுக்கு இன்னொரு இடம் காட்டுகிறேன். கி.மு. 197, தெஸ்ஸாலி நாட்டில் நாய்த்தலைகள் என்று பேர்கொண்ட குன்றுகள். மாசிடோனிய அரசன் பிலிப் ஒரு பக்கம். ரோமானியத் தளபதி பிளாமினினஸ் மறுபக்கம். மாசிடோனியர் ஏந்தியது பதினெட்டு அடிக்குக் குறையாத ஈட்டி. இரண்டு கையாலும் பிடிக்க வேண்டும். முதல் வரிசைக்காரனுக்கு முன்னால் ஐந்து வரிசை ஈட்டி முனைகள் நீட்டிக்கொண்டிருக்கும். நேர் எதிரில் நிற்க யாராலும் முடியாது. ஆனால் அந்தக் காட்டுக்குள் நிற்கிறவன் திரும்பவும் முடியாது. பிலிப்பின் வலது அணி மேட்டிலிருந்து இறங்கி ரோமானியரின் இடது அணியைத் தள்ளிக்கொண்டே போயிற்று. மறுகோடியில் ரோமானியர் ஜயித்து, ஓடுகிறவர்களைத் துரத்திக்கொண்டிருந்தார்கள். துரத்தியவர்களில் ட்ரிப்யூன் உத்தியோகத்திலிருந்த ஒருவன் நின்று திரும்பிப் பார்த்தான். யார் உத்தரவும் இல்லாமல், இருபது சிறு குழுக்களைப் பிரித்துக்கொண்டு, ஜயித்துக்கொண்டிருந்த மாசிடோனியரின் முதுகுப்பக்கம் போய் இறங்கினான். போர் அத்துடன் முடிந்தது. வெற்றி பிளாமினினஸின் கணக்கில் எழுதப்பட்டது. அந்த ட்ரிப்யூனின் பெயரைப் பாலிபியஸ் எழுதவில்லை.

அங்கே இன்னொன்றும் நடந்தது. அகப்பட்டுக்கொண்ட மாசிடோனியர் தங்கள் ஈட்டிகளைச் செங்குத்தாக உயர்த்திப் பிடித்தார்கள். சரணடைகிறோம் என்பதற்கு அவர்கள் வழக்கத்தில் அதுதான் அடையாளம். ரோமானியருக்கு அது புரியவில்லை. அர்த்தம் தெரிந்துகொண்ட பிளாமினினஸ் நிறுத்த நினைத்தான்; அதற்குள் முன்னால் போனவர்கள் வெட்டத் தொடங்கிவிட்டார்கள். இதை அம்புக்குறியால் எப்படிப் போடுவது?

மறுபடியும் கன்னேக்கு வருகிறேன். அதற்குப் பின்னால் நடந்ததைச் சொல்லாவிட்டால் என் ஆத்திரத்தின் காரணம் விளங்காது. அன்று தோற்றுப்போன தளபதி வாரோ எழுபது குதிரைக்காரர்களோடு தப்பி ஓடினான். அவன் ரோமாபுரிக்குத் திரும்பியபோது ஜனங்கள் திரண்டு வந்து எதிர்கொண்டார்கள். குடியரசின்மேல் நம்பிக்கை இழக்காததற்காக அவனுக்கு நன்றி சொன்னார்கள். நல்லது, பெருந்தன்மைதான். அதே களத்திலிருந்து உயிரோடு மீண்ட சாதாரணச் சிப்பாய்களை என்ன செய்தார்கள்? சாகாமல் வந்த குற்றத்துக்காக அத்தனை பேரையும் ஸிஸிலித் தீவுக்கு அனுப்பினார்கள். இத்தாலியில் யுத்தம் முடிகிற வரை ஊர் திரும்பக் கூடாது என்றார்கள். சில வருஷம் கழித்து அவர்கள் மார்ஸெல்லஸ் என்ற தளபதியிடம் போய் முறையிட்டார்கள்: எங்களோடு ஓடிவந்த அதிகாரிகள் இன்று பெரிய பதவிகளில் இருக்கிறார்களே, எங்களுக்கு மட்டும் ஏன் தண்டனை, சண்டையாவது போடவிடுங்கள் என்று. அவன் செனட்டுக்கு எழுதினான். உன் இஷ்டம்போல் உபயோகித்துக்கொள், ஆனால் எவ்வளவு வீரம் காட்டினாலும் ஒருவனுக்கும் விருது கொடுக்கக் கூடாது என்று பதில் வந்தது.

கி.மு. 204இல் ஸிப்பியோ இவர்களைத் தேடி எடுத்து ஆப்பிரிக்காவுக்குக் கப்பலேற்றினான். அவனும் கன்னேயிலிருந்து தப்பியவன்தான். அதிகாரி வர்க்கமானதால் ஸிஸிலிக்குப் போகவில்லை. கி.மு. 202இல் ஸாமாவில் ஹானிபலின் எண்பது யானைகள் வந்தபோது, ஸிப்பியோ தன் குழுக்களை ஒன்றன்பின் ஒன்றாக நிறுத்தி, நடுவே நேரான சந்துகள் விட்டிருந்தான். சந்தின் ஓரத்தில் அசையாமல் நிற்க வேண்டும். யானை பக்கத்தில் உரசிக்கொண்டு போகும். நின்றார்கள். பிறகு ஹானிபலின் பழைய படையோடு முகத்துக்கு முகம் நின்று வெட்டினார்கள். லேலியஸும் மாஸினிஸ்ஸாவும் குதிரைகளோடு திரும்பி வந்து ஹானிபல் சேனையின் முதுகில் விழுந்தார்கள். பதினாலு வருஷத்துக்கு முன்னால் தங்கள் முதுகில் விழுந்தது இப்போது எதிரியின் முதுகில் விழுவதை, அந்த ஸிஸிலிக்காரர்களில் மிஞ்சியவர்கள் எதிர்ப்பக்கத்திலிருந்து பார்த்திருப்பார்கள்.

லேலியஸை நேரில் அறிந்த பாலிபியஸ் இந்தப் போரை இப்படித்தான் எழுதினார். சுமார் முந்நூற்றைம்பது வருஷம் கழித்து அலெக்ஸாந்திரியாக்காரரான அப்பியன் என்பவர் இதே போரை மறுபடி எழுதினார். அவருடைய புஸ்தகத்தில் ஸிப்பியோவும் ஹானிபலும் குதிரைமேல் நேருக்கு நேர் வந்து துவந்த யுத்தம் செய்கிறார்கள். வெற்றிலைச் செல்லத்து நண்பருக்கு இந்தத் தகவலை எழுதிப் போட்டிருக்கிறேன்.