எந்த மாடர்ன் வார்ஃபேர்?

சோப் மக்டாவிஷ் இரண்டு முறை செத்தான். 'மாடர்ன் வார்ஃபேர் 3' விளையாட்டில் பிராக் நகரத்தில் காயம்பட்டு, கேப்டன் பிரைஸின் கண்முன்னே ரத்தம் போய்ச் செத்தான். அப்புறம் 'மாடர்ன் வார்ஃபேர் 3' விளையாட்டில் ஒரு சுரங்கப் பாதைக்குள்ளே மகரோவ் சுட்டுச் செத்தான். அச்சுப்பிழை எதுவும் இல்லை. முதலாவது 2011இல் வந்தது, இரண்டாவது 2023இல் வந்தது. ஆங்கில அட்டையில் ஒன்றுக்கு 3 என்ற எண், மற்றதற்கு மூன்று கோடு போட்ட ரோமன் எண். அவ்வளவுதான் வித்தியாசம். தமிழில் எழுதினால் அதுவும் கிடையாது.

விளையாடாதவர்களுக்காக ஒரு தடவை வரிசையாகச் சொல்லிவிடுகிறேன். 'கால் ஆஃப் டூட்டி' 2003இல் இரண்டாம் உலகப் போர் விளையாட்டாகத் தொடங்கியது. 2007இல் அதன் நான்காம் பாகம், 'கால் ஆஃப் டூட்டி 4: மாடர்ன் வார்ஃபேர்' என்ற பெயரில், நம் காலத்துப் போருக்கு வந்தது. 2009இல் 'மாடர்ன் வார்ஃபேர் 2'. நாலுக்கு அப்புறம் இரண்டு! 2011இல் 3. 2016இல் முதல் விளையாட்டைப் படம் மெருகேற்றித் திரும்ப விட்டார்கள். 2019இல் எண்ணே இல்லாமல் 'மாடர்ன் வார்ஃபேர்'. இது மெருகேற்றிய பதிப்பு இல்லை. அதே பெயர் கொண்ட ஆட்களை வைத்துச் சொன்ன வேறு கதை. 2020இல் 2009இன் கதைப் பகுதி மட்டும் மெருகேற்றப்பட்டு வந்தது. 2022இல் ரோமன் இரண்டு, 2023இல் ரோமன் மூன்று. முக்கியமானவை மட்டும் எட்டு. 'அட்வான்ஸ்ட் வார்ஃபேர்', 'இன்ஃபினிட் வார்ஃபேர்' என்று நடுவில் வந்தவை இந்தக் கணக்கிலேயே இல்லை.

"இதெல்லாம் ஒரு விஷயமா, கூகுள் பண்ணினா தெரிஞ்சிடும்" என்று நண்பர்கள் சொல்கிறார்கள். நான் இதை ஒரு விஷயம் என்றே சொல்கிறேன். ஒரு நிறுவனம் தன் பழைய படைப்பின் மேலேயே புதிய படைப்பைக் கொண்டுவந்து நிறுத்துகிறது. பழையது இருந்த இடம் தெரியாமல் போகிறது. அந்த வேலைக்கு நாமும் சம்பளம் இல்லாமல் ஒத்தாசை செய்கிறோம்.

ரோச்சோர் பக்கம் பழைய கேம் வட்டுகள் விற்கும் ஒரு கடையில் ஒரு அம்மாவைப் பார்த்தேன். கேம்ப்பிலிருந்து வாரக் கடைசியில் வீட்டுக்கு வரும் மகனுக்காக வந்திருந்தார். கையில் இரண்டு பெட்டிகள். "தம்பி, அவன் மாடர்ன் வார்ஃபேர் டூன்னுதான் சொன்னான். இது ரெண்டும் ஒண்ணுதானே?" கடைக்காரர் முந்திக்கொண்டு, "சேம் சேம், ஆன்ட்டி. திஸ் ஒன் சீப்பர்" என்றார். ஒன்று 2009, மற்றது 2022. "வேற வேறக்கா, வருஷத்தைப் பாருங்க" என்றேன். அவர் பெட்டியைத் திருப்பித் திருப்பித் தேடினார். ஆண்டு பின்னட்டையின் அடியில், காப்புரிமை வரியில், எறும்பு எழுத்தில் இருந்தது. முன்னட்டையில் பெயர் மட்டும் உள்ளங்கை அகலம்.

இது அசட்டையால் நடப்பதில்லை. பெயரின் விலை என்னவென்று ஆக்டிவிஷனுக்கு நன்றாகத் தெரியும். 2009இல் தலைப்பிலிருந்து 'கால் ஆஃப் டூட்டி'யை எடுத்துவிட்டு விளம்பரம் செய்து பார்த்தார்கள். பெயரை மக்கள் அடையாளம் கண்டுகொள்வது குறைந்ததும் பெட்டி அட்டையில் அதைத் திரும்ப ஒட்டினார்கள். 'வார்ஸோன்' கதை இன்னும் மோசம். 2020இல் வந்தது அந்த இலவச விளையாட்டு. 2022இல் 'வார்ஸோன் 2.0' வந்தபோது, பழையதன் பெயரை 'வார்ஸோன் கால்டேரா' என்று மாற்றினார்கள். 2023இல் புதியதிலிருந்து 2.0ஐ நீக்கி வெறும் 'வார்ஸோன்' ஆக்கினார்கள். அதே ஆண்டு செப்டம்பரில் கால்டேராவின் சர்வரை மூடிவிட்டார்கள். அதாவது மூத்தவனின் பெயரைப் பிடுங்கி இளையவனுக்குக் கொடுத்து, மூத்தவனுக்கு வேறு பெயர் வைத்து வீட்டை விட்டு அனுப்பியாகிவிட்டது.

"சினிமாவிலும் இப்படித்தானே? பில்லா ரெண்டு இல்லையா?" என்று கேட்கலாம். இருக்கிறது. 1980இல் ஒன்று, 2007இல் ஒன்று. ஆனால் 'ரஜினி பில்லா', 'அஜித் பில்லா' என்று நம் வாயே பிரித்துவிடுகிறது. பழையதை இன்றைக்கும் போட்டுப் பார்க்க முடிகிறது. விளையாட்டில் சர்வரை மூடினால் மூடியதுதான். 2022 விளையாட்டின் பிஎஸ்5 வட்டில் இருந்தது 70 எம்பி சொச்சம்தான். மீதியை இணையத்திலிருந்து இறக்கிக்கொள்ள வேண்டும். அந்த அம்மா கையில் வைத்திருந்தது அப்படிப்பட்ட வட்டு என்றால், காசு கொடுத்து அவர் வாங்கவிருந்தது ஏறக்குறைய ஒரு பெயரைத்தான்.

சரி, பெயர் போனால் கூடவே என்ன போகிறது? 2007 விளையாட்டில் ஒரு கட்டம் உண்டு. ஏசி-130 விமானத்தில் இருந்துகொண்டு கீழே ஓடும் வெள்ளைப் புள்ளிகளைச் சுட வேண்டும். கறுப்பு வெள்ளைத் திரை, விமானக் குழுவின் நிதானமான குரல்கள். சாப்பாட்டுக்கு என்ன என்று கேட்பதுபோல் அடுத்த இலக்கைச் சொல்கிறார்கள். 2010 ஏப்ரலில் விக்கிலீக்ஸ் ஒரு காணொளியை வெளியிட்டது. 2007 ஜூலையில் பாக்தாதில் அமெரிக்க ஹெலிகாப்டரிலிருந்து மனிதர்களைச் சுட்ட காட்சி. அதே கறுப்பு வெள்ளை, அதே அலட்சியக் குரல். விளையாட்டு வெளிவந்தது 2007 நவம்பரில். உலகம் காணொளியைப் பார்ப்பதற்கு இரண்டரை ஆண்டு முன்பே விளையாட்டு அந்தக் குரலைப் பிடித்துவிட்டது. 2016 பதிப்பை முதலில் விளையாடிய ஒருவன் இந்தக் கட்டத்தைக் காணொளியின் நகல் என்றுதான் நினைப்பான். ஆண்டைத் தூக்கினால் முன்பின் தலைகீழாகிறது. எது எதைக் கண்டது என்பதே மாறிவிடுகிறது.

அதே விளையாட்டில் நீங்கள் ஆடிக்கொண்டிருக்கும் அமெரிக்கச் சிப்பாய் அணுகுண்டு வெடிப்பில் சாகிறான். விழுந்த ஹெலிகாப்டரிலிருந்து தவழ்ந்து இறங்கி, நாலு அடி நடந்து, விழுகிறான். பொத்தானை எவ்வளவு அழுத்தினாலும் காப்பாற்ற முடியாது. ஈராக் போர் நடந்துகொண்டிருந்த வருஷத்தில், இதுபோன்ற ஒரு விளையாட்டு, நீ ஜெயிக்க மாட்டாய் என்று ஆடுபவனிடமே சொன்னது. 2009இல் மாஸ்கோ விமான நிலையப் படுகொலைக் கட்டம் வந்தது. மும்பைத் தாக்குதல் நடந்து ஓராண்டு முடிவதற்கு முன். அதைச் சரி என்பீர்களோ தப்பு என்பீர்களோ, அந்தத் தேதி இல்லாமல் அதைப் பற்றிப் பேசவே முடியாது.

இப்போது 2019. அது மோசமான விளையாட்டு என்று நான் சொல்லவில்லை. லண்டன் வீடொன்றில் இருட்டில் மாடி மாடியாக ஏறும் கட்டம் இந்தத் தொடரின் மிகச் சிறந்தவற்றில் ஒன்று. ஆனால் அதில் 'ஹைவே ஆஃப் டெத்' என்ற சாலை வருகிறது. உர்ஸிக்ஸ்தான் என்ற கற்பனை நாட்டில், தப்பியோடும் மக்களை ரஷ்யர்கள் குண்டு போட்டுக் கொன்ற சாலை என்று கதை சொல்கிறது. உண்மையில் அந்தப் பெயர் குவைத்திலிருந்து பாஸ்ராவுக்குப் போகும் 80ஆம் நெடுஞ்சாலைக்கு உரியது. 1991 பிப்ரவரி கடைசியில், பின்வாங்கிக்கொண்டிருந்த ஈராக்கிய வாகன வரிசையை அங்கே குண்டு போட்டு எரித்தவை அமெரிக்காவும் அதன் கூட்டாளிகளும் அனுப்பிய விமானங்கள். பெயரை வைத்துக்கொண்டு குற்றவாளியை மாற்றிவிட்டார்கள். தேசிய சேவையில் இருக்கும் ஒரு பையன் என்னிடம் நம்பிக்கையோடு சொன்னான்: "ஹைவே ஆஃப் டெத்தா? ரஷ்யாக்காரன் பண்ணினது, அண்ணே." அவனைக் குறை சொல்ல எனக்கு மனசில்லை. அவன் கேள்விப்பட்ட ஹைவே ஆஃப் டெத் ஒன்றே ஒன்றுதான்.

தலைப்பில் செய்ததையே இங்கே சரித்திரத்திலும் செய்திருக்கிறார்கள். பெயர் அப்படியே இருக்கும், ஆண்டும் ஆளும் மாறிவிடும். தலைப்பில் நடக்கும்போது சிரித்துக்கொண்டே விட்டுவிடுகிறவர்களுக்குச் சாலையில் நடக்கும்போது கோபம் வராது. அதுதான் என் பயம்.

சிங்கப்பூர்க்காரர்களுக்கு ஒரே பெயர்க் குழப்பம் புதிதில்லை. தேக்கா என்றால் எந்தத் தேக்கா? இப்போதுள்ள சந்தைக் கட்டடம் 1982இல் ஜூஜியாவ் சென்டர் என்ற பெயரில் திறந்தது, 2000இல்தான் அதிகாரப்பூர்வமாகத் தேக்கா சென்டர் ஆனது. எதிர்ப்பக்கம் தேக்கா மால் வந்தது, பெயர் மாறியது, இடிந்தது, இன்றைக்கு அங்கே தேக்கா பிளேஸ். இருந்தாலும் நம் பாட்டிகள் குழம்பவில்லை. 'பழைய தேக்கா', 'எதிர்த்த தேக்கா' என்று ஒரு சொல்லை முன்னால் போட்டு வேலையை முடித்தார்கள். விளையாட்டு விஷயத்தில் மட்டும் அந்த ஒரு சொல்லைப் போட நமக்குச் சோம்பல்.

சோம்பல் எங்கே கொண்டுபோய் விடும் என்பதற்குத் தேக்காவிலிருந்து கொஞ்ச தூரம் நடந்தால் போதும். 1942 பிப்ரவரி 17, சிங்கப்பூர் விழுந்த இரண்டாம் நாள், பிரிட்டிஷ் படையின் இந்தியச் சிப்பாய்களை ஃபேரர் பார்க்கில் கூட்டி ஜப்பானியரிடம் ஒப்படைத்தார்கள். மோகன் சிங் அங்கே பேசினார். அப்படி உருவானது முதல் இந்திய தேசிய ராணுவம். ஜப்பானியரோடு முரண்பட்டு, அந்த ஆண்டு டிசம்பரிலேயே மோகன் சிங் கைதாகி, அது கலைந்தது. 1943 ஜூலையில் சுபாஷ் சந்திர போஸ் சிங்கப்பூர் வந்து திரும்பக் கட்டியது இரண்டாவது. பெயர் ஒன்றேதான். நம் வீடுகளில் ஐஎன்ஏ என்றால் நேதாஜி, ஜான்சி ராணிப் படை. அது பெருமைக்குரியதுதான். ஆனால் 'நாம் யாருடைய ராணுவம்?' என்று ஜப்பானியர் முகத்துக்கு நேரே கேட்டுக் கலைந்துபோன முதல் ராணுவம் இரண்டாவதின் பெயருக்கு அடியில் கிடக்கிறது. முதல், இரண்டாம் என்ற இரண்டு சொற்களால்தான் வரலாற்றாசிரியர்கள் அதை வெளியே எடுத்து வைத்திருக்கிறார்கள்.

இலக்கியம் படிப்பவர்களுக்கு நான் இதைச் சொல்லித் தரத் தேவையில்லை. அதியமானோடு கள்ளுண்ட சங்க கால ஔவையை, ஆத்திசூடி எழுதிய பிற்கால ஔவையின் தடியூன்றிய பாட்டி உருவம் விழுங்கிவிட்டதைப் பற்றி எத்தனை கூட்டங்களில் பேசியிருக்கிறோம். புதுமைப்பித்தன் கதை என்றால் எந்தப் பதிப்பு, முதலில் எந்தப் பத்திரிகையில் வந்தது என்று கேட்கிறோம். பாடபேதத்துக்காகச் சண்டை போடுகிறோம். அதே ஆட்கள் ஒரு விளையாட்டைப் பற்றி எழுதும்போது மட்டும் 'மாடர்ன் வார்ஃபேர் போன்ற வன்முறை கேம்கள்' என்று ஒரே வீச்சில் எட்டையும் கட்டி ஓரத்தில் எறிகிறோம். நிறுவனத்துக்கு இதைவிட நல்ல வாசகன் கிடைக்கமாட்டான். அது விற்கும் மறதியை நாம் விமர்சனம் என்ற பெயரில் விநியோகிக்கிறோம்.

ஆகவே ஒன்றே ஒன்று கேட்கிறேன். தமிழில் எழுதும்போது எண்ணை நம்பாதீர்கள். 2 என்று போட்டாலும் இரண்டு என்று போட்டாலும், ஆசைக்கு ௨ என்று போட்டாலும் எந்த இரண்டு என்று தெரியாது. ஆண்டைப் போடுங்கள், யார் செய்தது என்று போடுங்கள். 'இன்ஃபினிட்டி வார்டின் 2009', 'ஸ்லெட்ஜ்ஹாமரின் 2023'. வாயால் சொல்லும்போதும் அப்படியே சொல்லுங்கள். கடையில் நிற்கும் அம்மாவுக்கும் அது உதவும். அட்டைக்குப் பின்னால் எறும்பு எழுத்தில் அவர்கள் ஒளித்து வைப்பதை நாம் முதல் வரியில் எழுதினால் போதும். அதற்கு அவர்கள் அனுமதி தேவையில்லை.