சட்டம் அறிவோம்: “நாளையிலிருந்து வர வேண்டாம்” என்றால்...



1990 ஒக்டோபரில் வடக்கிலிருந்து வெளியேற்றப்பட்டு ஆலங்குடாவிலும் சுற்றூர்களிலும் வந்து குடியேறிய குடும்பங்களுக்குச் சங்கக் கடை புதிதல்ல. நிவாரண அரிசியும் பருப்பும் கூட்டுறவுச் சங்கங்கள் வழியாகவே நம் கைக்கு வந்தன. அச்சங்கங்களில் வேலை செய்யும் பெண்களுக்கு வரக்கூடிய ஒரு சோதனையைப் பற்றி இம்மாதம் பேசுவோம்.

கடையில் இருப்புக் கணக்கெடுக்கிறார்கள். சரக்குக் குறைகிறது. “இதில் கையெழுத்து வையுங்கள், நாளையிலிருந்து வர வேண்டாம்” என்று சிங்களத்தில் எழுதிய ஒரு தாளை நீட்டுகிறார்கள். பொலிசுக்குப் போய்விடுவார்களோ என்று பயம். வாசிக்காமலே கையெழுத்து வைத்துவிட்டு வீட்டுக்கு வருகிறோம். பிறகுதான் அது தானாகவே வேலையை விட்டு விலகும் கடிதம் என்று தெரிகிறது.

அந்தக் கையெழுத்து செய்யும் கேடு பெரிது. உங்களை நிறுத்தியதாகச் சங்கம் ஒப்புக்கொண்டால், அது நியாயம் என்று காட்டும் பொறுப்பு சங்கத்துடையது. நீங்களே விலகியதாகக் கடிதம் இருந்தால், வற்புறுத்தி வாங்கினார்கள் என்று நிரூபிக்கும் பாரம் உங்கள் தலையில் விழும். ஆகவே விளங்காத தாளில் கையெழுத்து வைக்காதீர்கள். தமிழில் விளக்கம் கேளுங்கள்.

சரக்குக் குறைவது வேறு, நீங்கள் எடுத்தது வேறு. மூடை இறக்கும்போது நிறை குறைந்திருக்கலாம். எலி தின்றிருக்கலாம். இன்னொருவரிடமும் திறப்பு இருந்திருக்கலாம். இதைக் கண்டறியத்தான் ஒழுக்காற்று விசாரணை. குற்றச்சாட்டை எழுத்தில் தர வேண்டும். பதில் சொல்ல அவகாசம் வேண்டும். கணக்குப் புத்தகங்களைப் பார்க்கவும் சாட்சிகளிடம் கேள்வி கேட்கவும் இடம் வேண்டும். முடிவும் காரணத்தோடு எழுத்தில் வர வேண்டும்.

மறுபக்கத்தையும் கேட்க வேண்டும் என்பது பெரிய இடங்களுக்கும் பொருந்தும். 1966இல் யாழ்ப்பாண மாநகர சபையை அமைச்சர் கலைத்தபோது, சபைக்குத் தன் பக்கத்தைச் சொல்ல வாய்ப்புக் கிடைக்கவில்லை. வழக்கு இலண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. சபையைக் கேட்டிருக்க வேண்டும் என்றே அங்கும் சொன்னார்கள். ஆனால் முறையிட்டவர் மேயர் துரையப்பா மட்டும், சபை முறையிடவில்லை. அதனால் வழக்குத் தோற்றது. நமக்கும் இதில் பாடம் உண்டு. அண்ணன் போய்ச் சங்கத் தலைவரோடு சண்டை பிடிப்பது முறைப்பாடு ஆகாது. உங்கள் பெயரில், உங்கள் கையெழுத்தில், உரிய இடத்துக்குப் போக வேண்டும்.

உரிய இடம் எது? கூட்டுறவு ஊழியர்களுக்கென 1972ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டத்தால் கூட்டுறவு ஊழியர் ஆணைக்குழு அமைக்கப்பட்டது. இன்று கூட்டுறவு மாகாண சபைகளின் கீழ் உள்ள துறை. நம் மாகாணத்தில் மேன்முறையீட்டை யாருக்கு எழுதுவது என்று கூட்டுறவு அபிவிருத்தித் திணைக்கள அலுவலகத்தில் கேளுங்கள். மற்ற வழி தொழில் நியாய சபை. வேலை நிறுத்தப்பட்ட நாளிலிருந்து 6 மாதத்துக்குள் அங்கே விண்ணப்பிக்க வேண்டும். திரும்ப வேலை, நிலுவைச் சம்பளம், நட்டஈடு ஆகியவற்றைக் கேட்கலாம். தமிழில் பேசவும் மொழிபெயர்ப்புக் கேட்கவும் அரசியலமைப்பில் உரிமை உண்டு. ஒன்றைக் கவனியுங்கள்: முதலில் வேறு சட்ட வழியில் இறங்கினால் தொழில் நியாய சபையின் கதவு மூடப்படலாம். எந்த வழி என்று விசாரித்த பிறகே தொடங்குங்கள்.

வேலை போனாலும் ஊழியர் சேமலாப நிதி உங்களுடையது. அதில் உங்கள் பங்கு 8 வீதம், சங்கத்தின் பங்கு 12 வீதம். 15 பேருக்குக் குறையாமல் வேலை செய்யும் இடத்தில் 5 வருடம் முடித்த மாதச் சம்பளக்காரருக்கு, வருடத்துக்கு அரை மாதச் சம்பளம் பணிக்கொடையாக உண்டு. மோசடி, கையாடல் என்று வேலை நிறுத்தினால் அதில் வெட்டு விழும். பயத்தில் குற்றத்தை ஒப்புக்கொள்ளக் கூடாது என்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

நியமனக் கடிதம், சம்பளச் சீட்டு, சரக்கு ஏற்ற பற்றுச்சீட்டு ஆகியவற்றின் பிரதிகளை இன்றே வீட்டில் பத்திரப்படுத்துங்கள். வாய்ச்சொல்லால் நிறுத்தினால், “வேலைக்கு வந்தேன், திருப்பி அனுப்பினீர்கள், காரணத்தை எழுத்தில் தாருங்கள்” என்று திகதியிட்டுப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். தபால் துண்டையும் கவனமாக வைத்திருங்கள்.