ரூம்மேட் கிச்சன்: இறாலுக்கு மூணே நிமிஷம்!

முட்டையையும் மேகியையும் வெச்சு எத்தனை நாளைக்குத்தான் ஓட்டறது? இந்த வாரம் கொஞ்சம் ரிச்சா போவோம். சுருக்குனு உறைக்கிற இறால் தக்காளித் தொக்கு! 'இறாலா? அதெல்லாம் ஹோட்டல் மேட்டராச்சே பாஸ்'னு ஜகா வாங்காதீங்க. அசைவத்திலேயே சீக்கிரம் வேகற அயிட்டம் இதுதான். மட்டன் குக்கர்ல விசில் அடிச்சு முடிக்கறதுக்குள்ள நீங்க சாப்பிட்டு, தட்டைக் கழுவிக் கவுத்திடலாம்.

இந்த வார ஸ்பாட் அமராவதி நகர். உடுமலைப்பேட்டையைத் தாண்டி மலையைப் பார்த்துப் போனா வருமே, அதே ஊர்தான். 1957-ல் கட்டின அமராவதி அணை, பக்கத்திலேயே முதலைப் பண்ணை, 1962-ல் ஆரம்பிச்ச சைனிக் ஸ்கூல்னு டூர் போறவங்களுக்குப் பழக்கமான இடம். அங்கே போயிட்டு அணை மீன் வறுவல் சாப்பிடாம திரும்பற பார்ட்டிகள் கம்மி. ஆனா இறால்? கடலுக்கும் இந்த ஊருக்கும் ரொம்ப தூரம். கடற்கரை ஊர்கள்ல இருந்து ஐஸ் பெட்டியில ராத்திரியோட ராத்திரியா பயணம் பண்ணித்தான் வந்து சேரணும்.

தக்காளி மட்டும் பக்கா லோக்கல். உடுமலை சுத்துவட்டாரம் முழுக்கத் தக்காளித் தோட்டம்தான். மார்க்கெட்ல பெட்டி பெட்டியா ஏலம் போகும். ஒரு சீஸன்ல பறிக்கிற கூலிக்குக்கூட கட்டாம ரோட்டோரம் கொட்டிட்டுப் போவாங்க. இன்னொரு சீஸன்ல அதே தக்காளி ஆப்பிளை முறைக்கும். 2023 ஜூலை ஞாபகம் இருக்கா? கிலோ நூறைத் தாண்டி, தமிழ்நாடு அரசு ரேஷன் கடையில 60 ரூபாய்க்கு வித்துச்சே! அதனால இந்த ரெசிபிக்கு முதல் ரூல்: தக்காளி சீப்பா கிடைக்கற வாரமா பார்த்து இறங்குங்க.

கடையில் கவனம்!

மீன்கடைக்குப் போனதும் ஐஸ் மேல இருக்கற சரக்கா பாருங்க. நல்ல இறால் தொட்டா விறைப்பா இருக்கும், ஓடு பளபளன்னு ஒட்டிக்கிட்டிருக்கும், கடல் வாசனைதான் வரும். மூக்கைத் துளைக்கிற அமோனியா நெடி அடிச்சா, தலை கறுத்துத் தொங்கினா, 'அப்புறம் வர்றேங்ணா'ன்னு நைஸா நழுவிடுங்க.

"ஏனுங்ணா, அரைக் கிலோ போடுங்க."

"சுத்தம் பண்ணித் தரட்டுங்களா தம்பி?"

"தலையையும் ஓட்டையும் தனியா ஒரு கவர்ல குடுத்துருங்ணா."

அண்ணன் ஒரு மாதிரி பார்ப்பார். பரவாயில்லை, அந்தக் கவர்லதான் ஒரு ரகசியம் இருக்கு, பின்னாடி சொல்றேன். தலை, ஓடு போனா அரைக் கிலோவுல ஏறக்குறைய பாதிதான் மிஞ்சும். மூணு பேருக்குத் தாராளம். முதுகுல கறுப்பா ஒரு கோடு ஓடும். அது நரம்பு இல்லை, குடல். கத்தியால லேசாக் கீறி இழுத்துடுங்க. எடுக்காட்டி நறநறன்னு மண்ணு கடிக்கும்.

ரூம்ல ஃபிரிட்ஜ் இல்லையா? வாங்கின அன்னைக்கே, வாங்கின கையோட சமைச்சுடணும். மிஞ்சினதை ராத்திரி வரைக்கும் வெளியில வெச்சுச் சாப்பிடற வீரம் வேண்டவே வேண்டாம்.

என்னென்ன வேணும்?

இறால் அரைக் கிலோ (ஓட்டோட எடை). நல்லாப் பழுத்த நாட்டுத் தக்காளி பெருசா 4. சின்ன வெங்காயம் 15. பூண்டு 8 பல், இஞ்சி சின்னத் துண்டு, ரெண்டையும் தட்டி வெச்சுக்குங்க. பச்சை மிளகாய் 2. மிளகாய்த்தூள் 2 டீஸ்பூன், மல்லித்தூள் 1 டீஸ்பூன், மஞ்சள்தூள் அரை டீஸ்பூன், சோம்பு அரை டீஸ்பூன், ஒண்ணும் பாதியுமா இடிச்ச மிளகு 1 டீஸ்பூன். கறிவேப்பிலை ரெண்டு கொத்து. கடலை எண்ணெய் 4 டேபிள்ஸ்பூன். உப்பு.

மிக்ஸி வேண்டாம், தேங்காய் வேண்டாம். ஒரு வடச்சட்டியும் ஒரு கரண்டியும் போதும். இண்டக்‌ஷன் ஸ்டவ்லயும் ஜோராவரும்.

ஸ்டார்ட் மியூசிக்!

முதல்ல சாதத்தைக் குக்கர்ல ஏத்திடுங்க. இறால்ல கொஞ்சம் மஞ்சள்தூள், கொஞ்சம் உப்பு, அரை டீஸ்பூன் மிளகாய்த்தூள் போட்டுப் பிசறி ஓரமா வைங்க. இன்னொரு பாத்திரத்துல அந்த ஓட்டுக் கவரைப் பிரிச்சுக் கொட்டி, நல்லா அலசி, ரெண்டு டம்ளர் தண்ணி ஊத்திப் பத்து நிமிஷம் கொதிக்கவிட்டு வடிகட்டுங்க. ரகசியம் இதுதான். இறாலோட வாசம் பாதிக்கு மேல தலையிலயும் ஓட்டுலயும்தான் இருக்கு. குப்பைக்குப் போக வேண்டியது குழம்புக்கு உயிர் குடுக்கும்.

இப்போ கடிகாரத்தைப் பாருங்க.

முதல் 6 நிமிஷம்: எண்ணெய் காய்ஞ்சதும் சோம்பு, கறிவேப்பிலை. வெடிச்சதும் நறுக்கின சின்ன வெங்காயம், கீறின பச்சை மிளகாய். பொன்னிறம் வர்ற வரைக்கும் அவசரப்படாம வதக்குங்க. கடைசி ஒரு நிமிஷத்துல இஞ்சி பூண்டு.

அடுத்த 13 நிமிஷம்: பொடியா நறுக்கின தக்காளி, கூடவே உப்பு. உப்பு பட்டதும் தக்காளி தண்ணி விட்டுக் குழையும். மீதித் தூள்களை எல்லாம் போட்டு, வடிகட்டின தண்ணியில ஒரு டம்ளரை ஊத்திச் சுண்டவிடுங்க. அடி பிடிக்காம கிளறிக்கிட்டே இருக்கணும். ஓரத்துல எண்ணெய் பிரிஞ்சு, கரண்டியால இழுத்தா சட்டியில வழி தெரியணும்.

கடைசி 3 நிமிஷம்: இப்போதான் ஹீரோ என்ட்ரி! இறாலைக் கொட்டி, தீயைக் கூட்டி, புரட்டிப் புரட்டி விடுங்க. சாம்பல் கலர் போய் ஆரஞ்சு ஏறும். மிளகைத் தூவி, ஆஃப். அவ்ளோதான் மேட்டர்!

அதென்ன மூணு நிமிஷம்?

இந்த டிஷ்ல எல்லாரும் சொதப்பறது இங்கேதான். தக்காளியையும் இறாலையும் ஒண்ணாக் கொட்டி மூடி வெச்சுட்டு செல்போனை நோண்டப் போயிடறாங்க. தக்காளி பத்துல ஒன்பது பங்குக்கு மேல தண்ணி. அது சுண்டறதுக்கு நேரம் எடுக்கும். இறாலோ சூடு பட்ட மாத்திரத்துல வெந்துடும். தக்காளிக்காக இறாலைக் காக்க வெச்சா அதுல இருக்கற தண்ணி எல்லாம் பிழிஞ்சு வெளியில போய் ரப்பர் ஆயிடும். மென்னு மென்னு தாடைதான் வலிக்கும்.

வெந்துடுச்சான்னு பார்க்க ஒரு ஈஸி டெஸ்ட்: கேள்விக்குறி மேல்பாதி மாதிரி லேசா வளைஞ்சிருந்தா பக்குவம். வட்டமா சுருண்டு பூஜ்யம் ஆயிட்டா, உங்க மார்க்கும் அதேதான்!

கலர் மாறறதுலயும் கெமிஸ்ட்ரி இருக்கு. அஸ்டாக்சாந்தின்னு ஒரு ஆரஞ்சு நிறமி, ஒரு புரோட்டீனோட கட்டிப்போட்ட மாதிரி ஒட்டிக்கிட்டிருக்கும். சூட்டுல அந்தப் புரோட்டீன் கட்டு அவிழ்ந்ததும் நிறமி வெளியே தலையைக் காட்டும். காரம் ஓவரா போச்சா? தண்ணி குடிக்காதீங்க, பிரயோஜனமில்லை. மிளகாய்க் காரம் எண்ணெய்ல கரையும், தண்ணியில கரையாது. ஒரு கப் தயிர்தான் மருந்து.

அந்த ஃபார்வர்டு மெசேஜ்!

'இறால் சாப்பிட்டு வைட்டமின் சி சாப்பிட்டா ஆர்சனிக் விஷமாகி ஆள் காலி, தைவான்ல ஒரு பொண்ணு செத்துப்போச்சு'னு ஒரு மெசேஜ் சுத்துமே, வந்திருக்கா? 2000-களோட ஆரம்பத்துல ஈமெயில்ல கிளம்பின புரளி, இன்னைக்கு வாட்ஸ்அப்ல ஓடிக்கிட்டிருக்கு. தக்காளியில வைட்டமின் சி இருக்கு. இறாலும் தக்காளியும் சேர்த்து உலகம் பூரா காலங்காலமா சமைக்கறாங்க. கடல் உணவுல இருக்கற ஆர்சனிக் பெரும்பாலும் உடம்பைப் படுத்தாத வடிவத்துலதான் இருக்கு. தைரியமா பிழிங்க எலுமிச்சம்பழத்தை.

நிஜமா பயப்பட வேண்டியது அலர்ஜிக்கு. சிலருக்கு இறால் ஒத்துக்காது. சாப்பிட்டதும் உடம்பெல்லாம் தடிப்பு, உதடு வீக்கம், மூச்சு முட்டறதுன்னு வந்தா, 'வெந்நீர் குடி, சரியாயிடும்'னு வைத்தியம் பார்க்காதீங்க. நேரா ஆஸ்பத்திரி, இல்லாட்டி 108. ரூம்மேட்டுக்குப் பரிமாறறதுக்கு முன்னாடி ஒரு வார்த்தை கேட்டுடுங்க.

சட்டிக்குள்ள அமெரிக்கா

தக்காளியோட பூர்வீகம் தென் அமெரிக்காவின் ஆண்டிஸ் மலைப் பக்கம். மிளகாய் மெக்ஸிகோ பக்கத்துல இருந்து, போர்ச்சுக்கீசியர் கப்பல்ல இங்கே வந்தது. இப்போ நம்ம மீன்கடையில அதிகம் கிடைக்கற வளர்ப்பு இறால் 'வனாமி'. அதுவும் மெக்ஸிகோல இருந்து பெரு வரைக்கும் போற பசிபிக் கரையோர ஜாதி. இந்தியாவுல 2009-ல்தான் வளர்க்க அனுமதி கிடைச்சுது. ஆக, உங்க சட்டிக்குள்ள இருக்கற மூணு பேரும் அந்தப் பக்கத்து ஆளுங்க!

அந்த இறால் திரும்ப அமெரிக்காவுக்கே கப்பல் ஏறுது. 2023-24ல் இந்தியா ஏற்றுமதி பண்ணின உறைஞ்ச இறால் சுமார் 7.16 லட்சம் டன். அதுல கிட்டத்தட்ட 2.97 லட்சம் டன்னை வாங்கினது அமெரிக்கா. திருப்பூர் பனியனுக்கும் அங்கேதான் பெரிய கஸ்டமர். 2025 ஆகஸ்ட் 27-ல் அமெரிக்கா இந்தியச் சரக்குக்கான கூடுதல் வரியை 50 சதவீதம் ஆக்கினப்போ, டி-ஷர்ட்டும் இறாலும் ஒண்ணாத்தான் மாட்டிச்சு. திருப்பூர்ல பல கம்பெனிகளுக்கு ஆர்டர் தள்ளிப்போச்சு, சிலதுக்கு நின்னே போச்சு. பண்ணைக்காரங்களுக்கும் அதே கதை. எங்கேயோ ஒருத்தர் போடற கையெழுத்து, இங்கே சனிக்கிழமை சம்பளக் கவர்ல தெரியும். ஏற்றுமதியை மட்டும் நம்பின சரக்குக்கு இதுதான் தலையெழுத்து. உள்ளூர்க்காரனும் வாங்கிச் சாப்பிட்டா பண்ணைக்காரனுக்கு ஒரு பிடி கிடைக்கும்.

இன்னொரு விஷயம். உங்கள்ல நிறைய பேரோட ஃபீஸ் அந்தச் சனிக்கிழமைக் கவர்ல இருந்துதான் வருது. அம்மா செக்கிங்ல, அப்பா பவர்டேபிள்ல. விடிகாலையில கம்பெனி பஸ் ஏறி, ஒன்றரை ஷிப்ட் பார்த்துட்டு ராத்திரி வந்து இறங்கறவங்க. அவங்களுக்கு வாரத்துல கிடைக்கறது ஒரே ஒரு ஞாயித்துக்கிழமை. அன்னைக்காவது ஓய்வானா அதுவும் இல்லை. கறியெடுத்து, மசாலா அரைச்சு, மூணு மணி நேரம் அடுப்படியில நிக்கறது யாரு? அம்மாதான்.

நீங்க டிவி பார்த்துக்கிட்டே 'இன்னும் ஆகலையாம்மா?'ன்னு குரல் குடுக்கற அந்த நேரத்துல பாதி கூட வேண்டாம். கூட்டிப் பாருங்க: 6, 13, 3. மொத்தம் 22 நிமிஷம். பசங்க, பொண்ணுங்க யாரா இருந்தாலும் சரி, ஒரு ஞாயித்துக்கிழமை அந்தக் கரண்டியைக் கையில வாங்குங்க. 'உனக்கென்ன கண்ணு தெரியும், நகரு'ன்னுதான் முதல்ல சொல்லுவாங்க. நகராதீங்க. ஃபேனுக்குக் கீழ உக்கார வெச்சு, முதல் தட்டை அவங்களுக்குப் போடுங்க. அப்புறம் பாத்திரத்தையும் நீங்களே கழுவிடணும். ஆமா, அதுவும் சமையல்ல சேர்த்திதான் பாஸ்!

அடுத்த வாரம்: பழைய சாதத்துக்குப் பத்து நிமிஷ சைடு டிஷ். வெங்காயத்தோட ரெடியா இருங்க, ஓகேவா?