லூயி மால் கேட்காமல் விட்ட குரல்கள்

பிரெஞ்சு இயக்குநர் லூயி மாலின் ‘ஃபாண்டம் இந்தியா’ ஆவணத்தொடர் பற்றிப் பேச்செழும்போதெல்லாம் நம்மவர்கள் இரண்டு அணியாகப் பிரிந்துகொள்கிறார்கள். நாட்டின் வறுமையைக் காட்டி அவமதித்தார் என்கிறது ஓரணி. பரிவோடு பார்த்த கலைஞர் என்கிறது மற்றோரணி. இருவருமே அத்தொடரைப் பார்த்தவர்கள். செவிகொடுத்துக் கேட்டவர்களாகத் தெரியவில்லை.

1968இல் ஓர் ஒளிப்பதிவாளரையும் ஓர் ஒலிப்பதிவாளரையும் மட்டும் துணைக்கொண்டு மால் இந்தியாவில் சில மாதங்கள் சுற்றினார். ஏழு பகுதிகளாகத் தொடர் உருவாயிற்று. 1970இல் பிபிசி அதனை ஒளிபரப்பியதும் இந்திய அரசு சினந்து, பிபிசியின் தில்லி அலுவலகத்தையே மூடவைத்தது. மக்கள் ஏழைகளாக இருப்பதில் வராத வெட்கம், அவர்களைத் திரையில் கண்டதும் வந்தது. அந்தச் சினத்துக்கு இன்றும் வக்காலத்து வாங்குவோரிடம் வாதிட்டுப் பயனில்லை.

என் வழக்கு மாலின் அபிமானிகளோடுதான். ஆங்கிலம் அறிந்த மிகச் சிறுபான்மையினரே நாடு முழுமைக்குமாகப் பேசுகிறார்கள் என்று தொடரின் தொடக்கத்திலேயே மால் சுட்டுகிறார். சரியான கணிப்பு. ஆனால் அவர்களை விலக்கியபின் அந்த இருக்கையில் அமர்ந்தது யார்? மாலின் வர்ணனைக் குரல். மயிலாப்பூர் கபாலீசுவரர் கோயில் தேரோட்டத்தை நெடுநேரம் காட்டுகிறார். வடம் பிடிப்போரின் தோளும் வியர்வையும் முகமும் திரையில் உண்டு. அவர்களது நம்பிக்கையை அவர்கள் சொல்லாலேயே அறிய வழியில்லை. ஒலிப்பதிவாளர் உடனிருந்தும் மக்களின் பேச்சு பெரும்பாலும் வெற்றோசையாய் நின்றுவிட்டது.

மொழி தெரியாத அந்நியர் வேறென்ன செய்வார் என்பீர்கள். அன்றைய மதராஸ் மொழிபெயர்ப்பாளர் கிடைக்காத ஊரா? இதே மால், 1974இல் வெளிவந்த ‘பிளாஸ் த லா ரெபுப்ளிக்’ படத்தில் பாரிஸ் வழிப்போக்கர்களை நிறுத்தி, அவர்கள் வாழ்க்கையை அவர்களையே சொல்லவைக்கிறார். 1985இன் ‘காட்ஸ் கண்ட்ரி’யில் மின்னசோட்டாச் சிற்றூர் உழவர்கள் தம் கவலையைத் தாமே பேசுகிறார்கள். தம் மொழியும் ஆங்கிலமும் வழங்கிய இடங்களில் அவருடைய பரிவுக்குச் செவி இருந்தது. இந்தியாவில் கண் மட்டுமே இருந்தது.

எதிரிலிருப்பவர் சொல்வது விளங்கவேண்டும் என்ற முனைப்பில்லாத பரிவு, எவ்வளவு அழகாகப் படம்பிடிக்கப்பட்டாலும், வேடிக்கை பார்த்தலே. மாலை முன்மாதிரியாகக் கொண்டு கோயில் கொடைக்கும் பழங்குடி விழாவுக்கும் கேமராவோடு கிளம்பும் நண்பர்களுக்கு ஒரே வேண்டுகோள்: வர்ணனை எழுத உட்காருமுன், மொழிபெயர்ப்பாளருக்கு ஊதியம் ஒதுக்குங்கள்.